ஒலிக்க வேண்டிய அழைப்பு மட்டும் ஒலிக்கட்டும்

சமூக ஊடகங்களில் வரும் விளையாட்டு அறிவிப்புகளை நிறுத்துவது எப்படி?

தீவிர சிகிச்சைப் பிரிவின் வெளியே உள்ள காத்திருப்புக் கூடத்தில் ஓர் இரவையேனும் கழித்தவர்களுக்குக் கைபேசியின் ஒலி எத்தகையது என்பது தெரியும். அது ஒலித்த கணமே நெஞ்சு துணுக்குறும். உள்ளேயிருந்துதான் அழைக்கிறார்களோ என்று பதறி எடுத்துப் பார்த்தால், உறவினர் ஒருவர் நமக்கு 'ஓர் உயிர்' அனுப்பியிருப்பதாகத் திரையில் ஒரு வரி மின்னும். மிட்டாய்களை வரிசைப்படுத்தும் விளையாட்டு ஒன்றிலிருந்து வந்த அறிவிப்பு அது. விளையாட்டில் 'உயிர்' என்பது இன்னொரு முறை ஆடுவதற்கான வாய்ப்பு மட்டுமே. ஆயினும் அந்தக் கூடத்தில், அந்த நேரத்தில், அச்சொல்லைப் படிப்பவரால் அதை எளிதாகக் கடந்துவிட இயலாது.

அக்கூடத்தில் தங்கியிருந்த ஒரு மகனின் அனுபவத்தை அவருடைய இசைவோடு இங்கே பகிர்ந்துகொள்கிறோம். அவருடைய தாயார் எழுபது வயதைக் கடந்தவர். நிமோனியாவுக்காகச் சேர்க்கப்பட்டு, நான்கு நாள்கள் செயற்கைச் சுவாசக் கருவியின் துணையோடு இருந்தவர். ஐந்தாம் நாள் மாலையில்தான் சுவாசக் குழாய் அகற்றப்பட்டது. அன்று இரவு மட்டும் மகனின் கைபேசிக்குப் பதினான்கு விளையாட்டு அறிவிப்புகள் வந்தன. அத்தை ஒருவர், பள்ளித் தோழர் இருவர், முன்பு உடன் பணியாற்றிய நண்பர் ஒருவர் ஆகியோர் பெயரில் அவை வந்தன. "ஒவ்வொரு தடவை மணி அடிக்கும்போதும் அம்மாவுக்கு என்னமோன்னு எழுந்து உட்கார்ந்தேன்" என்றார் அவர். நான்கு நாள்களாக உறங்காதவர், பதினொரு மணியளவில் கைபேசியை முழுவதுமாக ஒலியடக்கிப் பைக்குள் வைத்துவிட்டுக் கண்ணயர்ந்தார்.

இரண்டரை மணிக்குத் தாயார் விழித்துக்கொண்டார். தாம் எங்கிருக்கிறோம் என்பது அவருக்குப் பிடிபடவில்லை. கையில் பொருத்தியிருந்த ஊசிக்குழாயைப் பிடுங்க முயன்றார்; மகனின் பெயரைச் சொல்லி அழைத்தபடியே இருந்தார். தீவிர சிகிச்சைப் பிரிவில் உள்ள முதியவர்களுக்கு இத்தகைய மனக்குழப்பம் நேர்வது அரிதன்று. அந்நேரத்தில் பழகிய குரல் ஒன்று அருகில் ஒலிப்பது பெரிதும் துணைபுரியும். பணியிலிருந்த செவிலியர் மகனின் எண்ணுக்கு மூன்று முறை அழைத்தார். மணி ஒலிக்கவில்லை. விடியும்வரை அந்த அம்மாவின் கையைப் பற்றியபடி அச்செவிலியரே பேசிக்கொண்டிருந்தார்.

தீங்கு ஏதும் நேரவில்லை. தாயார் நலம்பெற்று வீடு திரும்பினார். ஆயினும், "அம்மா கூப்பிட்டப்போ நான் சுவத்துக்கு இந்தப் பக்கம்தான் இருந்தேன்" என்னும் வருத்தம் மகனின் மனத்தைவிட்டு இன்னும் அகலவில்லை. அவரைக் குறை கூற யாருக்கும் மனம் வராது. ஒலிக்கத் தேவையில்லாதவற்றை நிறுத்தும் வழி தெரியாததால், அவர் எல்லாவற்றையும் நிறுத்திவிட்டார். அந்த வழியைச் சொல்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

இவை ஏன் வருகின்றன?

சமூக ஊடக விளையாட்டுகள் பலவும் ஆடுபவரைத் தனியே ஆடவிடுவதில்லை. 2009ஆம் ஆண்டில் ஃபேஸ்புக்கில் வெளிவந்த 'ஃபார்ம்வில்' என்னும் வேளாண்மை விளையாட்டை வாசகர்கள் சிலர் நினைவில் வைத்திருக்கக்கூடும். அதில் பயிரை உரிய நேரத்தில் அறுவடை செய்யாவிட்டால் வாடிவிடும். நிலத்தை விரிவாக்க 'அண்டை வீட்டார்' தேவைப்படுவர். அந்த அண்டை வீட்டாரைச் சேர்ப்பதற்கு நண்பர்களுக்கு அழைப்பு அனுப்ப வேண்டும். 2012ஆம் ஆண்டில் வந்த 'கேண்டி க்ரஷ் சாகா'வில் ஆடுபவருக்கு ஐந்து உயிர்கள் உண்டு. தோற்கும்போதெல்லாம் ஓர் உயிர் குறையும். குறைந்த உயிர் ஒன்று மீண்டும் கிடைக்க அரைமணி நேரம் காத்திருக்க வேண்டும். அல்லது நண்பரிடம் கேட்டுப் பெற வேண்டும். காத்திருக்கப் பொறுமையில்லாதவர் பொத்தானை அழுத்துவார். அவருடைய நண்பர் பட்டியலில் உள்ள நமக்கு அறிவிப்பு வந்து சேரும்.

ஆகவே, நமக்கு அழைப்பு அனுப்பும் அத்தையோ நண்பரோ நம்மைத் தொந்தரவு செய்ய எண்ணியவர் அல்லர். பல நேரங்களில் தாம் அனுப்பியதையே அவர்கள் அறிந்திருக்கமாட்டார்கள். அடுத்த கட்டத்துக்குச் செல்லும் அவசரத்தில் அழுத்திய ஒரு பொத்தான்தான் அது. நம் வீட்டில் ஒருவர் மருத்துவமனையில் இருப்பது அவர்களுக்குத் தெரிந்திருக்கலாம்; விளையாட்டுக்குத் தெரியாது.

இந்த எரிச்சல் நமக்கு மட்டும் உரியதும் அன்று. 2015ஆம் ஆண்டு அக்டோபர் 28ஆம் நாள் தில்லியிலுள்ள இந்தியத் தொழில்நுட்பக் கழகத்துக்கு ஃபேஸ்புக் நிறுவனர் மார்க் ஸக்கர்பெர்க் வந்திருந்தார். அங்கே அவரிடம் எழுப்பப்பட்ட கேள்விகளுள் ஒன்று, கேண்டி க்ரஷ் அழைப்புகள் வராமல் நிறுத்துவது எப்படி என்பதாகும். கேள்விகளைக் கேட்டு அவர் முன்னதாக இட்டிருந்த பதிவில் மிகுதியான ஆதரவைப் பெற்ற கேள்வியும் அதுவே. அதைச் சரிசெய்வது குறித்துத் தம் குழுவினரிடம் பேசியிருப்பதாக அவர் விடையளித்தார். அதன் பின்னர் நிலைமை ஓரளவு சீரடைந்தது. எனினும் விளையாட்டுகளும் பெருகின. அவை நம்மை வந்தடையும் வழிகளும் பெருகின. இன்று ஃபேஸ்புக்கில் மட்டுமன்றி மெசஞ்சர், வாட்ஸ்அப் குழுக்கள், டெலிகிராம், உலாவி, குறுஞ்செய்தி என எல்லா வாயில்களிலும் அவை தட்டுகின்றன.

ஓசையும் நோயாளியும்

உலக நலவாழ்வு நிறுவனம் 1999இல் வெளியிட்ட வழிகாட்டுதலின்படி, மருத்துவமனை அறைகளில் இரவு நேர ஓசை சராசரியாக 30 டெசிபலுக்குள்ளும், திடீரென எழும் ஓசை 40 டெசிபலுக்குள்ளும் இருத்தல் நலம். மெல்லிய குரலில் இருவர் பேசிக்கொள்வதைவிடவும் குறைந்த அளவு இது. அமைதியான அறையில் தலையணை அருகே ஒலிக்கும் கைபேசி இந்த எல்லையை எளிதில் கடந்துவிடும். மர மேசைமீது அதிரும் கைபேசியும் அப்படியே.

ஓசையின் அளவு மட்டுமே சிக்கல் அன்று. நவீன செவிலியப் பணியின் முன்னோடியான ஃப்ளோரன்ஸ் நைட்டிங்கேல், செவிலியம் குறித்துத் தாம் எழுதிய நூலில் ஓசைக்கென்றே ஓர் அத்தியாயத்தை ஒதுக்கினார். உரத்த ஓசையைக் காட்டிலும், நோயாளியின் மனத்தில் ஏதோ வரப்போகிறது என்னும் எதிர்பார்ப்பை எழுப்பும் ஓசையே அவரை மிகுதியாக வருத்தும் என்பது அவருடைய அவதானிப்பு. கைபேசிகள் தோன்றுவதற்கு நூறாண்டுகளுக்கும் மேலாக முன்னர் எழுதப்பட்டதாயினும், அறிவிப்பு ஒலிக்கு இதைவிடப் பொருத்தமான விளக்கம் இல்லை. யாரோ நம்மை நினைத்திருக்கிறார்கள் என்று நோயாளி கையை நீட்டுகிறார். பரிசோதனை முடிவு வந்துவிட்டதோ என்று குடும்பத்தினர் எழுகின்றனர். பின்னர் ஏமாற்றம் அடைகின்றனர். கலைந்த உறக்கம் மீள்வதற்கு நெடுநேரம் ஆகிறது.

மருத்துவமனைப் பணியாளர்களாகிய எங்களுக்கு இதன் இன்னொரு பக்கமும் தெரியும். தீவிர சிகிச்சைப் பிரிவில் கண்காணிப்புக் கருவிகள் ஓயாது எச்சரிக்கை ஒலி எழுப்புகின்றன. அவற்றுள் பெரும்பாலானவை உடனடி நடவடிக்கை தேவைப்படாதவை. பயனற்ற ஒலிகள் பெருகப் பெருக, பயனுள்ள ஒலிக்கும் செவி மந்தமாகிவிடும் என்பதை மருத்துவ உலகம் 'எச்சரிக்கைச் சோர்வு' என்னும் பெயரில் ஓர் ஆபத்தாகவே கருதுகிறது. அதனால்தான் தேவையற்ற எச்சரிக்கைகளைக் குறைப்பது நோயாளிப் பாதுகாப்பின் ஒரு பகுதியாகிவிட்டது. உங்கள் கைபேசியிலும் நிகழ்வது இதுவே. பதின்மூன்று முறை வெறும் விளையாட்டாக ஒலித்த கைபேசியைப் பதினான்காம் முறை எடுத்துப் பார்க்கத் தோன்றாது. அந்தப் பதினான்காவது அழைப்பு உள்ளேயிருந்து வந்ததாக இருக்கலாம்.

நிறுத்தும் வழிகள்

கீழ்க்காண்பவற்றைச் செய்து முடிக்க அதிக நேரம் ஆகாது. கைபேசியின் வகைக்கும் செயலியின் பதிப்புக்கும் ஏற்ப, பட்டியலில் உள்ள சொற்கள் சற்று மாறுபடலாம், பொருள் மாறுவதில்லை. படிக்கக் கடினமாக இருந்தால், வீட்டிலுள்ள இளையவர் ஒருவரை அருகில் அமர்த்திக்கொள்ளுங்கள்.

முதல் வழி, வந்த அறிவிப்பிலிருந்தே நிறுத்துவது. எல்லாவற்றிலும் எளியது இதுவே. ஆண்ட்ராய்டு கைபேசியில், வந்திருக்கும் அறிவிப்பின்மேல் விரலைச் சற்று நேரம் அழுத்திப் பிடியுங்கள். அதை ஒலியின்றி வரச் செய்யவும் அறவே நிறுத்தவும் தெரிவுகள் தோன்றும். ஐபோனில், அறிவிப்பை இடப்புறமாகத் தள்ளி 'ஆப்ஷன்ஸ்' என்பதைத் தொட்டால், அந்தச் செயலியின் அறிவிப்புகளை நிறுத்தும் தெரிவு வரும். விளையாட்டு தனிச் செயலியாக உங்கள் கைபேசியில் இருந்தால் இதுவே போதுமானது. ஆனால் அறிவிப்பு ஃபேஸ்புக்கின் வழியாக வந்திருந்தால் இங்கே கவனம் தேவை. ஃபேஸ்புக் அறிவிப்புகள் முழுவதையும் நிறுத்திவிட்டால், உறவினர் அனுப்பும் நலம் விசாரிப்புகளும் தெரியாமல் போய்விடும். அப்போது அடுத்த வழியை நாடுங்கள்.

இரண்டாம் வழி, ஃபேஸ்புக்குக்குள் சென்று நிறுத்துவது. மூன்று கோடுகளாகத் தெரியும் பட்டியலைத் திறந்து, 'செட்டிங்ஸ்' பகுதிக்குச் செல்லுங்கள். அங்கே 'ஆப்ஸ் அண்ட் வெப்சைட்ஸ்' என்னும் பிரிவு இருக்கும். அதனுள் விளையாட்டு மற்றும் செயலி அறிவிப்புகளுக்கென ஒரு தெரிவு உண்டு. அதை நிறுத்திவிட்டால், எந்த விளையாட்டிலிருந்தும் எவர் அனுப்பினாலும் அழைப்பு உங்களுக்கு வராது. நீங்கள் முன்பு எப்போதோ ஆடி மறந்த விளையாட்டுகளின் பட்டியலையும் அதே பிரிவில் காணலாம். தேவையில்லாதவற்றை நீக்கிவிடுங்கள். கைபேசியிலிருந்து ஒரு விளையாட்டுச் செயலியை அழித்துவிட்டால் மட்டும் அதற்கும் உங்கள் ஃபேஸ்புக் கணக்குக்கும் உள்ள தொடர்பு அறுந்துவிடாது என்பதை நினைவிற்கொள்ளுங்கள்.

ஒரே ஒருவரிடமிருந்து மட்டும் அழைப்புகள் குவிகின்றன என்றால், 'பிளாக்கிங்' பகுதியில் அவருடைய செயலி அழைப்புகளை மட்டும் தடுக்கலாம். கணினியில் ஃபேஸ்புக்கைத் திறந்தால் இத்தெரிவை எளிதில் காணலாம். இது நட்பை முறிப்பதன்று. அவருடைய செய்திகளும் படங்களும் வழக்கம்போல் வரும். தடுத்திருப்பது அவருக்குத் தெரிவிக்கப்படுவதும் இல்லை.

மூன்றாம் வழி, உரையாடல் செயலிகளுக்கு உரியது. வாட்ஸ்அப்பில் விளையாட்டு இணைப்புகளைப் பகிரும் குழுக்களை எட்டு மணி நேரத்துக்கோ, ஒரு வாரத்துக்கோ, எப்போதைக்குமோ ஒலியடக்கி வைக்கலாம். அறிமுகமற்றவர்கள் உங்களைக் குழுக்களில் சேர்ப்பதைத் தடுக்க, 'பிரைவசி' பகுதியில் 'குரூப்ஸ்' என்பதைத் திறந்து, உங்கள் தொடர்புப் பட்டியலில் உள்ளவர்கள் மட்டுமே சேர்க்கலாம் என்று அமையுங்கள். டெலிகிராமில் நாணயங்களைச் சேர்க்கச் சொல்லும் தானியங்கி உரையாடல்களைத் திறந்து, தடுக்கும் பொத்தானை அழுத்தினால் அவை நின்றுவிடும்.

நான்காம் வழி, உலாவிக்கு உரியது. செயலியே இல்லாமல் விளையாட்டு அறிவிப்புகள் வருகின்றன என்று சிலர் வியப்பதுண்டு. ஏதேனும் இணையத்தளத்தைத் திறந்தபோது 'அனுமதி' என்று கேட்ட பெட்டியில் தெரியாமல் ஒப்புதல் அளித்திருப்பார்கள். குரோம் உலாவியின் அமைப்புகளில் அறிவிப்புகளுக்கான பகுதியைத் திறந்தால், அனுமதி பெற்ற தளங்களின் பட்டியல் தெரியும். அறிமுகமில்லாத தளங்கள் யாவற்றின் அனுமதியையும் நீக்குங்கள்.

ஐந்தாம் வழி, குறுஞ்செய்திகளுக்கும் விளம்பர அழைப்புகளுக்கும் உரியது. 1909 என்னும் எண்ணின் வழியாகவோ, தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையத்தின் செயலி வழியாகவோ விளம்பரங்கள் வேண்டாம் என்று பதிவு செய்யலாம். வங்கியின் ஒருமுறைக் கடவுச்சொல் போன்ற இன்றியமையாத செய்திகளை இப்பதிவு தடுப்பதில்லை.

எவற்றை நிறுத்தக் கூடாது?

இப்பகுதியே இக்கட்டுரையின் நெஞ்சம் எனலாம். நிறுத்துவது எவ்வளவு தேவையோ, நிறுத்தக் கூடாதவற்றைக் காப்பது அதைவிடத் தேவை.

முதலாவதாக, எங்கள் அழைப்பு எந்த எண்ணிலிருந்து வரும் என்பதை நோயாளி சேர்க்கப்பட்ட அன்றே பணியிலுள்ள செவிலியரிடம் கேளுங்கள். மருத்துவமனைகளில் பல தொலைபேசி இணைப்புகள் இருப்பதால், உங்கள் திரையில் தோன்றும் எண் நீங்கள் அறிந்த பொது எண்ணாக இராமல் போகலாம். கேட்டறிந்த எண்களைப் பெயரிட்டுச் சேமித்துக்கொள்ளுங்கள்.

இரண்டாவதாக, அறிமுகமற்ற எண்களின் அழைப்பைத் தானாகவே ஒலியடக்கும் வசதி உங்கள் கைபேசியில் இயங்குகிறதா என்று பாருங்கள். வீட்டில் ஒருவர் மருத்துவமனையில் இருக்கும் காலம் முழுவதும் அதை நிறுத்தி வைப்பதே பாதுகாப்பு. இரத்தம் தர முன்வருபவரும், ஆம்புலன்ஸ் ஓட்டுநரும், மருந்தகப் பணியாளரும் புதிய எண்களிலிருந்தே அழைப்பார்கள்.

மூன்றாவதாக, இரவில் கைபேசியை முழுவதுமாக ஒலியடக்காதீர்கள். அதற்கு மாற்றாக, 'டு நாட் டிஸ்டர்ப்' என்னும் வசதியைப் பயன்படுத்துங்கள். அறிவிப்பு ஒலிகளை எல்லாம் அடக்கிவிட்டு, நீங்கள் குறித்த சிலரின் அழைப்பை மட்டும் அது ஒலிக்க விடும். ஆண்ட்ராய்டில், மருத்துவமனை எண்ணுக்கும் நெருங்கிய உறவினர் எண்களுக்கும் நட்சத்திரக் குறியிட்டு, அவர்களின் அழைப்புக்கு மட்டும் விலக்களியுங்கள். ஐபோனில், 'ஃபோகஸ்' பகுதியில் அவர்களை அனுமதிக்கப்பட்டவர்களாகச் சேருங்கள். மீண்டும் மீண்டும் அழைப்பவர்களை அனுமதிக்கும் தெரிவையும் இயக்கி வையுங்கள். ஒரே எண்ணிலிருந்து இரண்டாம் முறை அழைப்பு வந்தால் அது ஒலிக்கும். ஐபோனில் மூன்று நிமிடங்களுக்குள்ளும், ஆண்ட்ராய்டில் பதினைந்து நிமிடங்களுக்குள்ளும் வரும் இரண்டாம் அழைப்புக்கு இது பொருந்தும். மேலே கூறிய மகனின் கைபேசியில் இந்த ஏற்பாடு இருந்திருந்தால், செவிலியரின் முதல் அழைப்பே, தவறினால் இரண்டாவது அழைப்பு, அவரை எழுப்பியிருக்கும்.

நான்காவதாக, உடல்நலம் தொடர்பான செயலிகளின் அறிவிப்புகளைத் தொடவே கூடாது. மருந்து வேளையை நினைவூட்டும் செயலி, மருத்துவமனையின் பரிசோதனை முடிவுச் செய்திகள், சர்க்கரை அளவைத் தொடர்ந்து கண்காணிக்கும் உணரியின் செயலி ஆகியவை இதில் அடங்கும். சர்க்கரை அளவு நள்ளிரவில் ஆபத்தான நிலைக்குத் தாழும்போது எச்சரிப்பது இச்செயலியே. ஒலி அடங்கும் நேரங்களிலும் இவை ஒலிக்குமாறு விலக்களித்திருக்கிறீர்களா என்று ஒரு முறை உறுதி செய்யுங்கள். செய்து முடித்தபின், அருகிலிருப்பவரை ஒருமுறை அழைக்கச் சொல்லிச் சோதித்துப் பார்ப்பது நன்று.

விளையாட்டு தீயதா?

அவ்வாறு நாங்கள் கூற வரவில்லை. இரத்தச் சுத்திகரிப்புக்காக வாரத்துக்கு மூன்று முறை, ஒவ்வொரு முறையும் ஏறத்தாழ நான்கு மணி நேரம் படுத்திருப்பவருக்குக் கைபேசி விளையாட்டு ஒரு துணை. வேதிச்சிகிச்சை மருந்து சொட்டுச் சொட்டாக இறங்கும் நேரத்தில் மனத்தை வேறு பக்கம் திருப்ப அது உதவுகிறது. குழந்தைகள் பிரிவில் அதன் பயனை நாங்கள் நாள்தோறும் காண்கிறோம். விருப்பத்தோடு எடுத்து ஆடுவது ஒன்று. உறங்குபவரை எழுப்பி ஆட அழைப்பது வேறொன்று. விளையாட்டை வைத்துக்கொண்டே அதன் அறிவிப்புகளை மட்டும் நிறுத்த இயலும். ஆடும்போது செவிப்பொறி அணிந்துகொண்டால் பக்கத்துப் படுக்கையில் இருப்பவருக்கும் நன்மை.

பணம் வைத்து ஆடச் சொல்லும் அழைப்புகளைப் பற்றி மட்டும் கடுமையாக எச்சரிக்க வேண்டியுள்ளது. மருத்துவச் செலவால் நெருக்கடியில் இருக்கும் குடும்பத்தினரின் கண்ணில், ஒரு மணி நேரத்தில் பல்லாயிரம் ஈட்டலாம் என்னும் வரி படும்போது மனம் தடுமாறுவது இயல்பு. சிகிச்சைக்கென வைத்திருந்த தொகை அப்படிக் கரைந்தால், அதன் சுமை நோயாளியின்மீதே இறங்கும். பணம் வைத்து ஆடும் இணைய விளையாட்டுகளை வழங்குவதையும் விளம்பரப்படுத்துவதையும் தடை செய்யும் சட்டத்தை நம் நாடாளுமன்றம் 2025ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதம் நிறைவேற்றியது. ஆதலால் அத்தகைய அழைப்பு வந்தால் அதைத் திறக்காமலே நீக்குங்கள். பணத்தை இழந்துவிட்டால், வெட்கப்பட்டுக் காலம் தாழ்த்தாமல் 1930 என்னும் இணையக் குற்ற உதவி எண்ணை உடனே அழையுங்கள். விளையாட்டை விட முடியாமல் தவிப்பவர்கள், 'டெலி மானஸ்' மனநல உதவி எண்ணான 14416இல் எந்நேரமும் பேசலாம்.

பெரியவர்களின் கைபேசி

தந்தையின் கைபேசியை மகன் வாங்கித் தாமே எல்லாவற்றையும் மாற்றி அமைத்துக் கொடுப்பது நம் வீடுகளில் வழக்கம். நல்லெண்ணத்தோடு செய்வதேயாயினும், நோயுற்றவருக்கு அது மன வருத்தம் தரக்கூடும். உணவு, உடை, உறக்கம், குளியல் என யாவற்றையும் பிறர் முடிவு செய்யும் நாள்களில், அவர் கையில் தமக்கென எஞ்சியிருப்பது அந்தக் கைபேசி ஒன்றே. நாளெல்லாம் ஒரு குரலும் கேளாமல் கிடப்பவருக்கு, விளையாட்டு அறிவிப்புகூட யாரோ தம்மை நினைத்ததாகத் தோன்றலாம். ஆகவே அருகில் அமர்ந்து, "அப்பா, ராத்திரி இந்தச் சத்தம் உங்களை எழுப்புதா? நிறுத்திடலாமா?" என்று கேளுங்கள். அவர் சம்மதித்தபின், அவர் விரலாலேயே நிறுத்தச் செய்யுங்கள். வேண்டாம் என்றால், இரவில் மட்டும் அடக்கிவைக்க ஒப்புவாரா என்று கேளுங்கள். நிறுத்திய அறிவிப்புகளின் இடத்தை நிரப்ப, நாள்தோறும் ஒரு வேளை பேரப்பிள்ளைகள் அழைத்துப் பேசினால் அதைவிட நல்ல மருந்து இல்லை.

அழைப்பு அனுப்பும் உறவினர்களிடமும் மனம் நோகாமல் சொல்லிவிடலாம். குடும்பக் குழுவில் இவ்வாறு ஒரு செய்தி இட்டால் போதும்: "அம்மா மருத்துவமனையில் இருக்கிறார். இந்த எண்ணை மருத்துவர்களின் அழைப்புக்காக வைத்திருக்கிறேன். விளையாட்டு அழைப்புகளைச் சில நாள்களுக்கு அனுப்ப வேண்டாம். நலம் குறித்து நானே மாலையில் எழுதுகிறேன்." இதைப் படித்துக் கோபித்துக்கொள்ளும் உறவினர் இருக்கமாட்டார். மாலைதோறும் ஒரு வரி எழுதிவிட்டால், ஒவ்வொருவராக அழைத்து விசாரிப்பதும் குறையும்.

இன்றே செய்ய வேண்டியவை

இம்மடலை மடித்து வைப்பதற்கு முன் இவற்றைச் செய்துவிடுங்கள். ஒன்று, ஃபேஸ்புக் அமைப்புகளில் விளையாட்டு அறிவிப்புகளை நிறுத்துங்கள். இரண்டு, மருத்துவமனை எண்களைக் கேட்டுச் சேமித்து, அவற்றுக்கு நட்சத்திரக் குறியிடுங்கள். மூன்று, இரவுக்கான ஒலியடக்கத்தை விலக்குகளோடு அமையுங்கள். நான்கு, ஒருவரை அழைக்கச் சொல்லிச் சோதியுங்கள். எங்கேனும் ஐயம் எழுந்தால் செவிலியர் நிலையத்தில் கேளுங்கள். உங்கள் மணி ஒலிப்பதில் எங்களுக்கும் அக்கறை உண்டு.

அந்த மகன் அண்மையில் தம் தாயாரை மறுபரிசோதனைக்கு அழைத்து வந்திருந்தார். இருவரும் வெளிநோயாளர் பகுதியில் அமர்ந்திருந்தபோது, தாயார் தம் கைபேசியில் மிட்டாய்களை வரிசைப்படுத்திக்கொண்டிருந்தார். அன்றிரவு அழைப்பு அனுப்பிய அத்தைதான் அவருக்கு ஆடக் கற்றுக்கொடுத்தாராம். கைபேசியிலிருந்து ஓர் ஒலியும் எழவில்லை. அவர்களுடைய வரிசை எண்ணைச் செவிலியர் அழைத்தபோது, மகனுக்கு முன்னதாகத் தாயாரே கேட்டு எழுந்து நின்றார்.